கடல் வராத படம்

தீவைப் பற்றிய படத்தில்
கடல் ஒரு காட்சியிலும் வராது என்று
முதல் நாளே சொல்லிவிட்டேன்.
லுதோவிக் ஹெட்போனைக் கழுத்தில் இறக்கிவிட்டுச் சிரித்தான்:
"கேமராவுக்குச் சொல்லிட்டே.
மைக்குக்கு யார் சொல்றது?"

பணம் தருகிறவர்கள் பாரிஸிலிருந்து கேட்டார்கள்,
நீலம் எங்கே.
மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டிகளை எடுத்து அனுப்பினேன்.
அதன்பிறகு ஒரு மாதம் பதில் இல்லை.

எடுத்தவை:
மஹேபூர் பஸ் நிலையம், விடியற்காலை ஐந்தரை,
நடத்துநர் ஷமீம் டிக்கெட் கிழிக்குமுன்
விரலை நாக்கில் தொடுவது.
புயல் எச்சரிக்கை இரண்டுக்கு ஏறியதும்
ரொட்டிக்கடை முன் நீளும் வரிசை,
அதில் யாருக்கும் பயமில்லை, விடுமுறை முகம்.
தால்பூரி வண்டி.
இங்கே தால்பூரி ஒற்றையாக விற்பதில்லை,
தனியாக வந்தவனுக்கும் ஜோடிதான்.
பிறகு வீடுகளின் தலையில்
இன்னும் கட்டாத மாடிக்காக
நீட்டிக்கொண்டிருக்கும் துருக்கம்பிகள்.
"மூணு பையன், மூணு மாடின்னு கணக்கு.
ரெண்டு பேர் கனடா போயாச்சு.
கம்பி மட்டும் போகலை" என்றார் ஒருவர்,
அதில் துணி காயப்போட்டபடி.

கடைசியாக
ஓட்டலின் பின்வாசல், சலவைக்கூடம்.
செல்வினா வீராபென்.
பெயரில் தமிழ், காவடி மாதத்தில் விரதம்,
மற்றபடி பேச்செல்லாம் கிரியோல்.
அவள் பேசியதை இங்கே தமிழில் எழுதுகிறேன்,
இதுவும் ஒரு வெட்டுதான், ஒட்டுதான்.

விரிப்பை உதறினாள்.
சிமெண்ட் தரையில் மணல் சிதறிய சத்தம்.
"தினம் ஒரு வாளி கூட்டுறேன்.
அங்க கால் வச்சு நாலு வருஷம்.
பஸ்ஸில் இருபது நிமிஷம்தான்."
சொன்னவள் உடனே கேமராவைப் பார்த்தாள்.
"இதை எடுத்துடுங்க.
மேனேஜர் பார்ப்பார்."

எடுத்துவிட்டேன்.
துடைப்பம் இருக்கிறது படத்தில்,
வாளி இருக்கிறது,
நாலு வருஷம் இல்லை.

அடுத்து இஸ்திரி.
யாரோ ஒரு விருந்தாளியின் லினன் சட்டை.
பெட்டியைத் தள்ளும் கை,
காலரில் திரும்பும்போது ஒரு சின்னத் தயக்கம்,
நெற்றியிலிருந்து வியர்வையை
முழங்கையால் தள்ளுவது.
பத்து நிமிடம் நிறுத்தாமல் ஓடவிட்டேன்.
அதில் நாலு நிமிடத்தைப் படத்தில் வைத்தேன்.
பாரிஸிலிருந்து எழுதினார்கள்:
உழைப்பை இவ்வளவு பொய்யில்லாமல் பார்த்ததில்லை.

திரையிடல் நகராட்சி மண்டபத்தில்.
பிளாஸ்டிக் நாற்காலிகள், வெளியே தூறல்.
ஷமீம் நாக்கில் விரல் வைத்ததும்
பின்வரிசை மொத்தமும் "டிக்கே! டிக்கே!" என்று கத்தியது.
கம்பிகள் வந்தபோது யாரோ இருமினார்கள்.

சட்டைக் காட்சி.
மண்டபத்தின் பெரிய ஸ்பீக்கரில்
எடிட்டிங் மேசையில் எனக்குக் கேட்காத ஒன்று கேட்டது:
அவள் மூச்சுக்கும் துணியின் உரசலுக்கும் பின்னால்
எழுந்து, விழுந்து, எழுந்து,
சுவருக்கு அந்தப்பக்கம் அது.
நாலு நிமிடமும் அதுதான்.
லுதோவிக் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை.
அந்த நேரம் பார்த்து மூன்றாம் வரிசையில்
மூன்று பெண்கள் வாய்பொத்திச் சிரித்தார்கள்.
கண்டுபிடித்துவிட்டார்கள் என்று
காது சூடானது எனக்கு.

முடிந்ததும் போய்க் கேட்டேன்.
செல்வினா தோழிகளை முழங்கையால் இடித்து அடக்கினாள்.
"ஒண்ணுமில்லை...
பெட்டியில சிவப்பு விளக்கு எரியலை.
அன்னைக்கு உங்க ஆளு
இரைச்சல் வருதுன்னு பிளக்கைப் பிடுங்கினார்ல?
ஆறிப்போன பெட்டியைத்தான்
பத்து நிமிஷம் தள்ளிக்கிட்டிருந்தேன்.
சட்டையைப் பார்த்தீங்களா,
ஒரு சுருக்கம்கூடப் போகலை."

நான் என்ன சொன்னேன் என்பது நினைவில்லை.
மன்னிப்பு மாதிரி ஏதோ.

குடையை விரித்துக்கொண்டே சொன்னாள்:
"அதுக்கென்ன.
நீங்க போனப்புறம்
திரும்ப மாட்டித் தேய்ச்சேன்.
ஆறு மணி பஸ்தான் போயிடுச்சு."